சுவாமிநாதனின் பிற்கால ஓவியங்களும் தகடூர் நாட்டுக் கற்களும்

'வரலாற்றுக்கு முற்பட்ட காலம்' என்னும் தொடர் ஆராய்ச்சியுலகில் பெருவழக்காக உள்ளது. எழுத்துத் தோன்றுமுன் நிகழ்ந்தன யாவும் அதன்கண் அடங்கும் என்பது பொதுக்கொள்கை. ஆயின் தருமபுரிப் பகுதியில், அஃதாவது பண்டைத் தகடூர் நாட்டில், இத்தொடரைக் கையாள்வோர் சற்றுத் தயங்க வேண்டியுள்ளது. அங்குள்ள கற்களிற் பல, எக்காலத்தன என்று வினவுவார்க்கு ஒரு காலத்தைச் சுட்டி அடங்குவன அல்ல. இக்காலத்து ஓவியர் ஒருவர் தம் முதிர்ந்த பருவத்தில் 'தொல்பழங்காலத்திற்குத் திரும்பினார்' என்று கலைத் திறனாய்வாளர் எழுதும்பொழுதும் அதே தயக்கம் நமக்கு வேண்டும். இவ்விரு தயக்கங்களும் ஒன்றனையொன்று விளக்குவன என்பது எம் கருத்து. எனவே ஓவியர் ஜெ. சுவாமிநாதனின் பிற்காலப் படைப்புகளையும் தகடூர் நாட்டுக் கல்லுருவங்களையும் ஈண்டு அருகருகே வைத்து நோக்குவோம். ஓவியர் இக்கற்களைக் கண்டு வரைந்தார் என்று கூறுவது எம் நோக்கமன்று. ஒப்புமை வேறு, உறவு வேறு. இக்கட்டுரை ஒப்புமை ஒன்றனையே பற்றியது.

சுவாமிநாதன் தமிழ்க் குடும்பத்தினர். 1928ஆம் ஆண்டு சூன் 21ஆம் நாள் சிம்லாவில் பிறந்தார். வடபுலத்தே வளர்ந்தமையால் தமிழ்நாட்டுக் கலை வரலாற்று நூல்கள் இவரைத் தம்மவராகக் கொள்வதில்லை. வடநாட்டார் நூல்களோ இவர்தம் தமிழ்ப் பிறப்பை ஒரு வரியிற் கூறிக் கடந்துவிடுகின்றன. இளமையிற் பொதுவுடைமை இயக்கத்திலும் இதழ்ப்பணியிலும் ஈடுபட்டிருந்த இவர், ஓவியத்தை முழுநேரத் தொழிலாகக் கொண்டது காலந்தாழ்ந்தே. 1962இல் பவநகரில் ஒரு வீட்டில் ஓவியர் சிலர் கூடி அமைத்த குழுவிற்கு அவ்வீட்டின் கதவெண்ணே பெயராயிற்று. 'குழு 1890' எனப்பட்ட அதன் உறுப்பினர் பன்னிருவர். 1963 அக்டோபரில் தில்லியில் நிகழ்ந்த அதன் ஒரே கண்காட்சியைப் பிரதமர் நேரு திறந்து வைத்தார். அப்போது இந்தியாவில் மெக்சிகோ நாட்டுத் தூதராக இருந்த கவிஞர் ஆக்டேவியோ பாஸ் அதன் பட்டியலுக்கு முன்னுரை எழுதினார். மேலை நாட்டு ஓவிய நெறிகளைப் பின்பற்றுவதையும், பழம்பெருமையில் மூழ்கி மரபைப் புதுப்பிக்க முயல்வதையும் ஒருங்கே மறுத்தது அக்குழு. பின்னர் இவர் மேற்கொண்ட பணியெல்லாம் அவ்விரட்டை மறுப்பிலிருந்தே கிளைத்தது எனலாம்.

இவர் பெயர் பரவியது 1960களின் பிற்பகுதியிலும் 1970களிலும் வரைந்த ஓவிய வரிசையால். பறவையும் மலையும் மரமுமே அவற்றின் பொருள். பரந்த ஒரே நிறப்பரப்பு, அந்தரத்தில் மிதக்கும் ஒரு பாறை, அதன் மேலோ அருகிலோ ஒரு சிறு பறவை, சிலவற்றில் ஒரு செடி அல்லது ஒரு படிக்கட்டு, இவ்வளவே. நிழல் இல்லை, தொலைவு காட்டும் கோடுகள் இல்லை, கதையும் இல்லை. பகாரிச் சிற்றோவியங்களின் நிறச்செறிவை வைத்துக்கொண்டு அவற்றின் மாந்தரையும் மாடங்களையும் நீக்கிவிட்டாற் போன்றவை அவை. மினிமலிசம் என மேலை நாட்டார் வழங்குவதனை யாம் சுருக்கநெறி என்று குறிப்போம். அமெரிக்காவில் 1960களில் அப்பெயர் பெற்ற இயக்கத்தினர் உருவத்தையே விலக்கி, பொருளின் வடிவும் பருமையுமே போதும் என்றனர். சுவாமிநாதன் உருவத்தை விலக்கவில்லை. ஓருருவிற்கும் மற்றோருருவிற்கும் இடையே வெளியை வைத்தார். எனவே அவரை அவ்வியக்கத்தாருடன் சேர்த்து எண்ணுதல் பொருந்தாது. எனினும் 'இதனினும் குறைக்க இயலாது' என்னும் எல்லைவரை சென்றவர் என்ற பொருளில் அவரைச் சுருக்கநெறி ஓவியர் என்பதில் இழுக்கில்லை.

இங்ஙனம் சுருக்கத்தின் எல்லையை எய்தியவர் 1980களில் திசை மாறினார். 1982ஆம் ஆண்டு பிப்ரவரி 13ஆம் நாள் போபாலில் பாரத் பவன் திறக்கப்பட்டது. கட்டடக் கலைஞர் சார்லசு கொரியா வகுத்த அந்நிலையத்தின் ஓவியக்கூடமாகிய ரூபங்கரின் முதல் இயக்குநராக இவர் அமர்ந்து 1990வரை பணியாற்றினார். இளம் ஓவியர்களைக் குழுக்களாகப் பிரித்து மத்தியப் பிரதேசத்துப் பழங்குடி ஊர்களுக்கு அனுப்பி, அங்குள்ள சுவரோவியங்களையும் மண்ணுருக்களையும் தொகுக்கச் செய்தார். தொகுத்தவற்றைப் பழம்பொருட் காட்சியகத்தில் வைப்பது போல் இனமும் வட்டாரமும் குறித்த சீட்டுகளுடன் ஒதுக்கி வைக்கவில்லை. நகரத்து ஓவியர் படைப்புகளோடு ஒரே கூரையின்கீழ் ஒத்த மதிப்பில் வைத்தார். பாடன்கட் என்னும் சிற்றூரில் வீட்டுச் சுவரில் வரைந்துகொண்டிருந்த கோண்டு இளைஞர் ஜன்கட் சிங் சியாம் இவ்வாறுதான் போபாலுக்கு வந்தார். 1989இல் பாரிசு நகரத்துப் பெருங்கண்காட்சியில் அவர் படைப்புகள் இடம்பெற்றன. 2001இல் சப்பானில் ஓர் அருங்காட்சியகத்தில் தங்கி வரைந்துகொண்டிருந்தபோது அவர் உயிர் நீத்தார். வென்றோர் வரலாற்றை மட்டும் எழுதுவோர் இம்முடிவை விடுத்துச் செல்லக்கூடும். யாம் விடுக்க விரும்பவில்லை.

போபாற் காலத்திலும் அதன் பின்னரும், 1994 ஏப்ரலில் தில்லியில் மறையும்வரை, சுவாமிநாதன் வரைந்தவற்றில் பறவையும் மலையும் பெரிதும் மறைந்தன. மண் நிறமும் காவியும் கருமையும் பரப்பை நிறைத்தன. முக்கோணங்கள், நெளிகோடுகள், புள்ளி வரிசைகள், கீறல்கள், எழுத்தோ எனத் தோன்றி எழுத்தாகாத குறிகள் ஆகியன அவற்றின்மேல் அமைந்தன. போபாலுக்குத் தெற்கே ஏறத்தாழ 45 கிலோமீட்டர் தொலைவில் பிம்பேட்காக் குகைகள் உள்ளன. வாகங்கர் 1957இல் கண்டறிந்த அவை 2003இல் உலக மரபுச் சின்னமாக ஏற்கப்பட்டன. அண்மையை மட்டும் கொண்டு, அக்குகைகளே இம்மாற்றத்திற்குக் காரணம் என முடிவு கட்டுவது எளிது. அவ்வெளிமையே ஐயத்திற்குரியது. ஏனெனில் 1960களின் தொடக்கத்தில், சுருக்கநெறிக்கு வருமுன்னரே, இவர் கைப்பதிவு, பாம்பு, இலிங்கம் முதலிய குறிகளை வரைந்தவர். 1968இல் நேரு நினைவு ஆய்வு நல்கையைப் பெற்றபோது இவர் தேர்ந்துகொண்ட பொருளும் மரபுவழித் தெய்வ உணர்வு இக்காலக் கலையில் பெறும் இடம் பற்றியதே. அவ்வுணர்வுக்கு மேலையர் வழங்கும் இலத்தீன் சொல்லினும் நம் பழந்தமிழ் 'அணங்கு' பொருத்தமாகலாம். அச்சொல்லின் பொருள்பற்றி அறிஞரிடையே பூசல் உண்டு. எனினும் மலையிலும் மரத்திலும் கல்லிலும் உறைந்து காண்பாரை நடுங்கச் செய்யும் ஆற்றல் என்பது அதன் பொருள்களுள் ஒன்று என்பதை யாரும் மறுக்கவில்லை.

ஆகவே பிற்கால மாற்றம் புதுவழி புகுதலன்று. விட்ட இடத்திற்கு வேறொரு பாதையால் வந்து சேர்தல். இடையிலிருந்த சுருக்கநெறிக் காலமும் வீணன்று. முதற் காலத்துக் குறிகள் ஒன்றன்மேலொன்று நெருங்கிப் பொருள் கூற முந்துவன. பிற்காலத்துக் குறிகளோ பறவைக்கும் பாறைக்கும் இடையே ஓவியர் கற்ற வெளியைத் தம்மைச் சுற்றிலும் உடையன. இவ்வேறுபாட்டை உணராது, இரண்டனையும் 'தொன்மைநாட்டம்' என்னும் ஒரே சொல்லால் அடக்குவது திறனாய்வாளர் பலரிடம் காணும் குறை.

இனித் தகடூர் நாட்டிற்கு வருவோம். தருமபுரி மாவட்டம் 1965ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள் சேலத்தினின்று பிரிக்கப்பட்டது. அதனின்றும் கிருட்டிணகிரி மாவட்டம் 2004இல் பிரிந்தது. கீழே குறிக்கப்படும் இடங்களிற் சில இன்று கிருட்டிணகிரியைச் சார்ந்தன. வரலாற்றுநோக்கில் இரண்டும் ஒரே நிலப்பரப்பே. 1970களில் சென்னைப் பல்கலைக்கழகத் தொல்லியல் அறிஞர் கே. வி. இராமன், பர்கூரை அடுத்த மல்லப்பாடியில் வெண்ணிறப் பாறை ஓவியங்களைக் கண்டறிந்து உலகிற்கு அறிவித்தார். தமிழ்நாட்டில் முதற்கண் அறியப்பட்ட பாறை ஓவியங்களுள் அவை சேரும். குதிரைமேல் அமர்ந்த இருவர் ஒருவரையொருவர் எதிர்த்துப் பொருவதை அங்குக் காணலாம். குதிரையின் உடல் ஒரு தடித்த வளைகோடு. வீரன் ஒரு நிமிர்ந்த கோடு. படைக்கலம் ஒரு சாய்ந்த கோடு. மல்லசந்திரத்திலோ நூற்றுக்கணக்கிற் பரந்து கிடக்கும் கற்றிட்டைகளுள் சிலவற்றின் உட்புறப் பலகைகளில் வெள்ளை வண்ணத்தில் உருவங்கள் தீட்டப்பட்டுள்ளன. ஈமச் சின்னத்தின் உள்ளே, குனிந்து நுழைந்தாலன்றிக் காணவியலா இடத்தில், ஓவியம் இருத்தல் நினைந்து பார்க்கத் தக்கது.

இவ்வோவியங்களைக் காண்போர்க்குச் சுவாமிநாதனின் நினைவு எழுதல் இயல்பு. கருங்கல்லின் பெரும்பரப்பில் இரண்டு மூன்று வெண்கோடுகள், சுற்றிலும் வெறுமை. ஆயின் இங்கு ஒரு பிழை நேரக்கூடும். சுருக்கநெறி என்பது நிறையத் தெரிந்தவன் வேண்டாதவற்றை நீக்கி அடைவது. மல்லப்பாடியின் ஓவியன் எதனையும் நீக்கினான் என்பதற்குச் சான்றில்லை. தனக்கு வேண்டியதை வரைந்தான். அவன் வைத்தது எல்லாம் வைத்ததே, நீக்கியதன் எச்சமன்று. இருவர் படைப்பும் ஒத்துத் தோன்றுவது கண்ணளவில் உண்மை. அவ்வொப்புமையிலிருந்து இருவர் மனமும் ஒன்று எனத் துணிதல், ஒரே ஓசையுடைய இரு மொழிச் சொற்களுக்கு ஒரே வேர் கற்பிப்பது போன்றதாம்.

காலத்தைப் பற்றியும் ஒன்று கூறவேண்டும். மல்லப்பாடியில் உள்ளவை குதிரை வீரர் உருவங்கள். குதிரையேறிப் போர் செய்தல் அறிந்த காலத்து ஓவியத்தைக் கற்கால ஓவியமெனல் இயலாது. பெருங்கற்காலத்தையோ அதற்குப் பிந்திய வரலாற்றுத் தொடக்கக் காலத்தையோ சார்ந்ததாதல் வேண்டும். மல்லசந்திரத்துக் கற்றிட்டைகளும் பெருங்கற் பண்பாட்டினவே. இந்நிலத்தின் தொன்மை குறைந்ததன்று. தருமபுரியை அடுத்த மோதூர் அகழாய்வு புதிய கற்கால வாழ்வை வெளிப்படுத்தியது. மயிலாடும்பாறையில் இரும்புப் பயன்பாடு கி.மு. 2172 அளவினது எனத் தமிழ்நாடு அரசு 2022இல் அறிவித்தது. எனினும் நிலம் தொன்மையானது என்பதனால் அதன்மேலுள்ள ஒவ்வொரு கோடும் அத்தொன்மை உடையதாகிவிடாது. எளிமையைக் கண்டவுடன் பழமை என முடிவு செய்யும் பழக்கம் ஆராய்ச்சியாளரிடத்தும் உண்டு.

இப்பழக்கத்தைத் திருத்த வல்லவை தகடூர் நாட்டு நடுகற்கள். இருளப்பட்டி, பாப்பம்பாடி முதலிய ஊர்களில் கிடைத்தவையும், கிழக்கே அடுத்துள்ள செங்கம் வட்டாரத்தவையும் தமிழ்நாட்டு நடுகல் ஆராய்ச்சிக்கு அடிப்படை. இரா. நாகசாமியைப் பதிப்பாசிரியராகக் கொண்டு தொல்லியல் துறை வெளியிட்ட செங்கம் நடுகற்கள் 1972இலும், தருமபுரிக் கல்வெட்டுகள் 1975இலும் வெளிவந்தன. இக்கற்களிற் பல பல்லவர் காலத்தன; வட்டெழுத்துப் பொறிப்புடையன. அஃதாவது ஐயத்திற்கு இடமின்றி வரலாற்றுக் காலத்தன. ஆயினும் உருவத்தை மட்டும் நோக்கினால் தொல்பழங்காலக் கீறலோ என்று மயங்கத் தோன்றும். புடைப்பு மிகக் குறைவு. முகத்தில் உறுப்பு வேறுபாடு இல்லை. ஒரு கையில் வில்லும் மறு கையில் வாளும், உடலில் தைத்த அம்பும், காலருகே சிமிழும் கெண்டியும், சிலவற்றில் ஒரு மாடும் அன்றி வேறில்லை. மாமல்லபுரத்தில் பல்லவச் சிற்பி யானையின் தோற்சுருக்கம் வரை செதுக்கிய அதே நூற்றாண்டில் இவை அமைந்தன என்பதை மறவாதிருத்தல் வேண்டும். நிறைவும் சுருக்கமும் ஒரே காலத்தில் ஒரே ஆட்சியின்கீழ் வாழ்ந்தன. சிற்பி திறமற்றவன் ஆதலின் இங்ஙனம் செய்தான் என்பார் உளர். இவ்வட்டாரத்து நடுகற்கள் நூற்றாண்டுக்கணக்கில் ஒரே அமைதியைக் கடைப்பிடித்தமை நோக்க, திறக்குறை என்பது போதிய விடையாகாது. நடுகல்லுக்கு இதுவே தக்கது எனக் கொண்ட ஒரு மரபு இருந்தது என்றே துணியவேண்டும்.

இங்குதான் சுவாமிநாதன் கூற்று நமக்குத் துணை செய்கின்றது. ஒருங்கு வாழும் பண்பாடுகள் யாவும் ஒருங்கே செல்லுபடியாதலே சமகாலம் என்பது அவர் கொள்கை. பழங்குடி ஓவியத்தை மானுடத்தின் இளமைப் பருவத்து எச்சமாகக் காணுதலை அவர் ஒப்புக்கொள்ளவில்லை. இன்று வரைவோன் இன்றையவனே என்றார். அக்கொள்கையை ஏழாம் நூற்றாண்டுத் தகடூர் எல்லையில் வைத்துப் பார்த்தால் அது நன்கு பொருந்துகின்றது. மாமல்லபுரத்துச் சிற்பியும் இருளப்பட்டிச் சிற்பியும் ஒரு காலத்தவர். ஒருவரை வளர்ந்தவர் எனவும் மற்றவரை வளராதவர் எனவும் வரிசைப்படுத்துவது, இடத்தின் வேறுபாட்டைக் காலத்தின் வேறுபாடாக மாற்றிக் கூறுவதாம்.

ஆயினும் இக்கற்கள் ஓவியருடன் முழுதும் உடன்படவில்லை. தம் பிற்காலக் குறிகளைச் சுவாமிநாதன் பொருளினின்று விடுவிக்க முயன்றார். எழுத்துப்போன்ற குறி வாசிக்கப்படாமல் நிற்கவேண்டும் என்பது அவர் விருப்பு. பல படங்களுக்குத் தலைப்பும் இல்லை. அவருக்கு முன்னரே, 1963 முதல் சென்னையில் கே. சி. எஸ். பணிக்கர் வரைந்த 'சொற்களும் குறிகளும்' வரிசையிலும் எழுத்து வாசிப்பிற்கு உரியதாக இல்லை. சாதகக் கட்டங்களின் தோற்றமே எஞ்சியது. தகடூர் நாட்டு நடுகல்லோ வாசிக்கப்படவே நிற்கின்றது. எவ்வரசனின் எத்தனையாவது ஆட்சியாண்டு, எவருடைய சேவகன், எவ்வூர்த் தொறுவை மீட்கும்போது பட்டான் என்பன அதன்கண் உள. செங்கம் வட்டாரத்து எடுத்தனூர்க் கல் மகேந்திரவர்மனின் 34ஆம் ஆட்சியாண்டினது. எருமைகளைக் காக்கும்பொருட்டுப் போரிட்டு வீழ்ந்த கருந்தேவக்கத்தியின் உருவத்தோடு, கள்வர் இருவரைக் கடித்துக் காவல் நின்ற அவன் நாயின் உருவமும் அதிலுள்ளது. அந்நாய்க்குக் கோவிவன் என்னும் பெயரும் பொறிக்கப்பட்டுள்ளது. உருவம் பொதுவானது, பெயர் தனியானது. எல்லா வீரரும் ஒரே வடிவினர். ஒவ்வொருவரும் ஒரு பெயரினர். உருவத்தில் இத்துணைச் சுருக்கம் இயல்வதற்குக் காரணம் அருகே எழுத்து இருத்தலே என்று கருத இடமுண்டு. முகத்தை வேறுபடுத்தும் வேலையை எழுத்து ஏற்றுக்கொண்டமையின் உளிக்கு அவ்வேலை இல்லையாயிற்று.

இக்கருத்திற்கு அரண் செய்வது புலிமான்கோம்பை. தேனி மாவட்டத்து அவ்வூரில் 2006இல் தமிழ்ப் பல்கலைக்கழகத்தார் கண்டறிந்த நடுகற்கள் தமிழி எழுத்தின. கிறித்துவுக்கு முற்பட்ட நூற்றாண்டுகளைச் சார்ந்தன. அவற்றுள் ஒன்று ஆகோட் பூசலைக் குறிக்கின்றது. அவற்றில் எழுத்து உண்டு, உருவம் இல்லை. முதலில் ஓவியம், பின்னர் எழுத்து என்னும் பொதுவரிசை நடுகல்லைப் பொறுத்தவரை தலைகீழாயிற்று. எழுத்துடன் நின்ற கல்லுக்குப் பின்னரே உருவம் வந்து சேர்ந்தது. ஆதலின், நடுகல் உருவத்தின் எளிமையைக் கண்டு எழுத்தறியாக் காலத்தின் எச்சம் என்பார் இச்சான்றுக்கு விடை கூறல்வேண்டும்.

அணங்கைப் பற்றியும் இங்ஙனமே. வரலாறு கழிந்த இடத்தில்தான் அணங்கு தோன்றும் என்பது சுவாமிநாதனின் பிற்கால ஓவியங்களில் உள்ளுறையாக நிற்கும் எண்ணம். தகடூர் வேந்தன் அதியமான் அஞ்சியின் நடுகல்லுக்குப் பீலி சூட்டிக் கள் படைக்கும்போது ஔவையார் கொண்ட துயரைப் புறநானூறு காட்டுகின்றது. நாடு கொடுத்தாலும் கொள்ளாதவன் சிறு கலத்துக் கள்ளைக் கொள்வானோ என்பது அப்பாட்டின் கருத்து. அங்குக் கல் வணங்கப்படுகின்றது. எனினும் வணங்குவார்க்கு அக்கல் யார் என்பது தெரியும். தெரிந்தமையாலேயே அத்துயரும் வணக்கமும் எழுந்தன. தொல்காப்பியர் நடுகல்லுக்குக் கூறும் துறைகளுள் முதலாவது, தக்க கல்லைத் தேடிக் காண்பது. கல்லைக் காணும் கண் ஓவியரின் கண்ணோடு ஒக்கும். பின்வரும் துறைகளோ கல்லை ஒரு மனிதனின் பெயரோடு பிணிப்பன. சுவாமிநாதன் முதல் துறையில் நின்றுவிட்டார் என்பது குற்றமாகாது. மறைந்தோன் பெயர் அறியும் ஊரார் சூழ நடுகல் அமைத்தவனுக்கு மற்றத் துறைகளும் இயன்றன. நகரத்துக் காட்சிக்கூடத்திற்கு வரைந்தவருக்கு அவ்வூரார் இல்லை.

ஓவியர்பால் யாம் கூறிய குறை நம்மிடத்தும் உண்டு. கல்வெட்டாய்வாளர் எழுத்துள்ள பகுதிக்கு மட்டும் மைப்படி எடுத்து, உருவத்தை ஒரு வரியில் குறித்து அமைகின்றனர். கலை வரலாற்றார் உருவத்தைப் படம்பிடித்து, பொறிப்பைப் பின்னிணைப்புக்குத் தள்ளுகின்றனர். தருமபுரி அகழ்வைப்பகத்தில் நிரலாக நிறுத்தப்பட்டுள்ள நடுகற்களுள் ஒன்றனையேனும், எழுத்து உருவத்தின் தலைக்கு மேலோ பக்கத்திலோ எவ்வளவு இடம் பெற்றது, உளி முதலில் எதனைத் தொட்டது, எழுத்துக்கு இடம் போதாதபோது உருவம் ஒதுங்கியதா எழுத்து நெருங்கியதா என்று அளந்து ஆராய்தல் முதுகலை மாணவர் ஒருவர்க்கு ஓராண்டுக்குரிய பணி. மல்லசந்திரத்துப் பலகைகளின் வெள்ளை வண்ணம் மழையும் கைபடுதலும் தாக்க உதிர்ந்துவருகின்றது. கருங்கல் வெட்டும் தொழிலும் அம்மாவட்டத்தில் ஓங்கி நடைபெறுகின்றது. அங்குச் செல்வோர் ஒளிப்படத்தோடு நில்லாது, ஒவ்வோர் உருவத்தையும் அதனைச் சூழ்ந்த வெற்றிடத்தின் அளவோடு கையால் வரைந்து வருதல் நன்று.